வாச்சாத்தி (1992–2023): பாலியல் வன்முறையின் அளவும் பாதிக்கப்பட்டோரின் பதிவும்

ஆய்வுச் சுருக்கம்

தருமபுரி மாவட்டம் சித்தேரி மலையடிவாரத்தில் அமைந்த வாச்சாத்தி என்னும் பழங்குடிச் சிற்றூரில் 1992 ஜூன் 20 அன்று தொடங்கிய அரசுப் பணியாளர் வன்முறையையும், அது தொடர்பான வழக்கின் 31 ஆண்டு வரலாற்றையும் இக்கட்டுரை ஆராய்கிறது. இவ்வழக்கில் திரும்பத் திரும்ப எடுத்துரைக்கப்படும் 18, 133, 269, 215, 54 ஆகிய எண்கள் எந்தெந்தச் சூழலில், எவருடைய கையால் பதிவாயின என்பதைக் கட்டுரை வரிசைப்படுத்திக் காண்கிறது. பாதிக்கப்பட்ட பெண்கள் அரசு ஆவணத்தில் முதன்முதலாகக் குற்றவாளிகளாகவே நுழைந்தனர் என்பதும், அவர்கள் பாதிக்கப்பட்டோராக மறுபதிவு பெறுவதற்கு நேர்ந்த காலத்தாழ்வே வன்முறையின் அளவைக் குறித்த நம் அறிவை வரையறுத்துள்ளது என்பதும் இக்கட்டுரையின் கருத்து.

திறவுச்சொற்கள்: வாச்சாத்தி, தருமபுரி, மலையாளிப் பழங்குடி, பாலியல் வன்முறை, ஆள்கடத்தல், சாட்சியம், வனச்சட்டம்

முன்னுரை

பாலியல் வணிகத்துக்காகப் பெண்கள் கடத்தப்படுவதைப் பற்றி எழுதப்புகும் ஆய்வாளரும், அதிகாரத்தின் பிடியில் அகப்பட்ட பெண்கள்மீது நிகழும் பாலியல் வன்முறையைப் பற்றி எழுதப்புகும் ஆய்வாளரும் முதலில் சந்திப்பது ஒரே கேள்வியைத்தான்: எத்தனை பேர்? இக்கேள்விக்கு விடை தேடி அரசு ஆவணங்களைப் புரட்டினால் கிடைப்பவை பெரும்பாலும் கைது எண்ணிக்கை, வழக்கு எண்ணிக்கை, மீட்பு எண்ணிக்கை ஆகியனவே. இவை காவல் நிலையமும் நீதிமன்றமும் தத்தம் பணியின்போது உண்டாக்கிய எண்கள். துன்புற்றோரை எண்ணும் நோக்கில் எழுந்தவை அல்ல.

தமிழகத்தில் இதற்கு நீண்ட வரலாறு உண்டு. சென்னை மாகாணத்தில் 1930-ஆம் ஆண்டு ஒழுக்கக்கேடான வணிக ஒடுக்குமுறைச் சட்டம் இயற்றப்பட்டது. விடுதலைக்குப் பின் 1956-இல் நடுவணரசு நாடு முழுமைக்குமான சட்டத்தைக் கொண்டுவந்தது. விடுதி நடத்துவோரையும் தரகரையும் தண்டிப்பதே அச்சட்டத்தின் அறிவிக்கப்பட்ட நோக்கம். எனினும் பொதுவிடத்தில் அழைப்பு விடுத்ததற்காகப் பெண்ணையே தண்டிக்கும் 8-ஆம் பிரிவும் அதனுள் இருந்தது. 1986-இல் சட்டத்தின் பெயர் மாறியபோதும் அப்பிரிவு நீங்கவில்லை. அதே 1986-இல் சென்னை மருத்துவக் கல்லூரியைச் சேர்ந்த சுனிதி சாலமன், அவருடைய மாணவி செல்லப்பன் நிர்மலா ஆகியோரின் ஆய்வு, இந்தியாவில் எச்.ஐ.வி. தொற்று இருப்பதை முதன்முறையாக மெய்ப்பித்தது. ஆய்வுக்குரிய குருதி மாதிரிகளுள் பல, சென்னை மயிலாப்பூரில் இருந்த அரசுக் காப்பகத்தில் அடைத்துவைக்கப்பட்ட பெண்களிடமிருந்து பெறப்பட்டவை. முதற்கட்டத்தில் தொற்று உறுதியான மாதிரிகள் 6. மருத்துவ வரலாறு அப்பெண்களை அறிந்தது அந்த ஆறு மாதிரிகளின் வழியாகத்தான். அவர்கள் எவ்வாறு, எவரால், எந்த ஊரிலிருந்து அத்தொழிலுக்குக் கொண்டுவரப்பட்டனர் என்பது அந்த வரலாற்றில் இடம்பெறவில்லை. கைது செய்யப்பட்டதனால்தான் அவர்கள் எண்ணப்பட்டனர்.

வாச்சாத்தி ஆள்கடத்தல் வழக்கன்று. இதைத் தொடக்கத்திலேயே தெளிவுபடுத்துதல் வேண்டும். 2000-ஆம் ஆண்டின் பலெர்மோ நெறிமுறை தரும் வரையறையின்படி ஆள்கடத்தல் என்பதற்கு ஆளை இடம்பெயர்த்தல், அச்சுறுத்தல் போன்ற வழிமுறை, சுரண்டும் நோக்கம் ஆகிய மூன்றும் வேண்டும். வாச்சாத்திப் பெண்கள் விற்கப்படவுமில்லை, வணிகத்தில் ஈடுபடுத்தப்படவுமில்லை. எனினும் அந்நெறிமுறை வழிமுறைகளுள் ஒன்றாகச் சுட்டும் ‘அதிகாரத்தையோ ஆளின் ஆதரவற்ற நிலையையோ முறைகேடாகப் பயன்படுத்துதல்’ என்பது இங்கே முழுவடிவில் காணப்படுகிறது. பாதிக்கப்பட்டவர் முதலில் குற்றவாளியாகப் பதிவாதல் என்னும் கூறும் இரண்டுக்கும் பொது. ஆள்கடத்தல் வழக்குகள் பெரும்பாலும் ஆவணமின்றியே மறைகின்றன. வாச்சாத்தியோ விரிவான நீதிமன்ற ஆவணத்தை விட்டுச்சென்றுள்ளது. ஆகவே இப்பொதுக்கூற்றை ஆராய்வதற்கு இதைவிடத் தெளிவான களம் தமிழகத்தில் அரிது.

மலையும் சந்தனமும்

சேலம் மாவட்டத்திலிருந்து 1965 அக்டோபர் 2 அன்று பிரிக்கப்பட்ட தருமபுரி மாவட்டம், 2004-இல் கிருஷ்ணகிரி மாவட்டம் தனியே பிரியும்வரை ஓசூர் முதல் அரூர் வரை பரந்து கிடந்தது. அதன் தென்கிழக்கு மூலையில் அரூரையொட்டி எழுவது சித்தேரி மலை. கிழக்குத் தொடர்ச்சி மலையின் பகுதியான இம்மலையிலும் கல்வராயன், சேர்வராயன், சவ்வாது, கொல்லி மலைகளிலும் வாழ்வோர் மலையாளிப் பழங்குடியினர். (கேரள மக்களோடு இப்பெயரைக் குழப்பிக்கொள்ளலாகாது. மலையை ஆள்வோர் என்பதே இங்குப் பொருள். காஞ்சிபுரத்திலிருந்து மலையேறியவர்களாக இவர்கள் தம் வாய்மொழி மரபில் தங்களைக் கூறிக்கொள்வர்.) வாச்சாத்தி, மலையடிவாரச் சிற்றூர். 1992-இல் அங்கு ஏறத்தாழ 650 பேர் வாழ்ந்தனர். மிகச் சிலரைத் தவிர அனைவரும் மலையாளிகள். மானாவாரி வேளாண்மை, ஆடு மாடு வளர்ப்பு, காட்டுப்பொருள் சேகரித்தல், கூலி வேலை ஆகியன அவர்களின் பிழைப்பு.

1882-ஆம் ஆண்டின் சென்னை வனச் சட்டம் காடுகளைக் காப்புக்காடுகளாக்கியது. அதன்பின், தலைமுறைகளாகக் காட்டைப் பயன்படுத்திய மக்கள் அத்துமீறுவோராயினர். சந்தனமரம் இச்சிக்கலைக் கூர்மையாக்கிற்று. சித்தேரியிலும் சவ்வாது மலையிலும் இயல்பாக வளரும் இம்மரம் அரசின் கட்டுப்பாட்டுக்கு உட்பட்டது. சந்தையில் அதன் விலை ஏற ஏற, வெட்டும் வேலைக்குக் கூலியாள் தேவைப்பட்டது. அக்கூலியாள் மலையடிவாரத்தில் கிடைத்தான். வெட்டியவனுக்குக் கிடைத்தது நாட்கூலி. மரத்தைக் கொண்டுசென்றவரும் விற்றவரும் ஊருக்கு வெளியே இருந்தனர். இவ்வணிகம் வனத்துறையினர் சிலரின் உடந்தையின்றி நடந்திருக்க இயலாது என்பது அன்று அரூர்ப் பகுதியில் பரவலாகப் பேசப்பட்டதே. 2023-ஆம் ஆண்டின் உயர்நீதிமன்றத் தீர்ப்பும் உண்மையான கடத்தல்காரர்களையும் பெரும்புள்ளிகளையும் காப்பாற்றும்பொருட்டுச் சிற்றூர் மக்கள் துன்புறுத்தப்பட்டனர் என்னும் முடிவுக்கே வந்தது.

வாச்சாத்தி நிகழ்வை வீரப்பன் தேடுதல் வேட்டையின் ஒரு பகுதியாகக் கூறும் வழக்கம் இதழ்களிலும், சில வேளைகளில் ஆய்வுரைகளிலும்கூடக் காணப்படுகிறது. இது பொருந்தாது. வீரப்பன் நடமாட்டம் மிகுந்திருந்தது மேற்கே சத்தியமங்கலம், மாதேசுவரன் மலைப் பகுதிகளில். வாச்சாத்திக்குள் புகுந்தது சிறப்புக் காவற்படை அன்று. அந்த மாவட்டத்து வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறை ஆகியவற்றின் அன்றாடப் பணியாளர்களே புகுந்தனர். இந்த வேறுபாட்டுக்குப் பொருள் உண்டு. சிறப்புப் படையின் செயலை ‘அசாதாரணச் சூழல்’ என்று சொல்லிக் கடந்துவிட இயலும். ரேஷன் அட்டைக்கும் பட்டாவுக்கும் மக்கள் நாடிச்செல்ல வேண்டிய அதே அலுவலகங்களைச் சேர்ந்தோரும் வன்முறையில் பங்கேற்றதை அவ்வாறு கடந்துவிட இயலாது.

1992 ஜூன் 20

அன்று காலையில் சந்தனக்கட்டை தேடி வந்த வனத்துறையினர் சிலருக்கும் ஊராருக்கும் இடையே மோதல் நிகழ்ந்தது. பிற்பகலில் பெரும்படை ஊருக்குள் நுழைந்தது. பின்னாளில் குற்றப்பத்திரிகையில் இடம்பெற்றோர் 269 பேர். அவர்களுள் வனத்துறையினர் 155, காவல்துறையினர் 108, வருவாய்த்துறையினர் 6. அன்று ஊரில் கிடைத்த மக்களோடு ஒப்பிட்டால் இப்படையின் அளவு விளங்கும். ஆடவர் பலர் மலைக்குள் ஓடி ஒளிந்துவிட்டனர். எஞ்சியோர் பெண்கள், முதியோர், குழந்தைகள்.

வீடுகளிலிருந்து இழுத்துவரப்பட்டோர் ஊர் ஆலமரத்தடியில் அமர்த்தப்பட்டு அடிக்கப்பட்டனர். அவர்களுள் இளம்பெண்கள் 18 பேரைத் தனியே பிரித்து, மறைத்துவைத்த சந்தனக்கட்டையைக் காட்டவேண்டும் என்று சொல்லி லாரியில் ஏற்றி ஏரிப்பக்கம் கொண்டுசென்றனர். அங்கே அவர்கள் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்கப்பட்டனர். அவர்களுள் பள்ளி செல்லும் வயதுடைய சிறுமியும் ஒருவர். பின்னர் அனைவரும் அரூர் வனச்சரக அலுவலகத்துக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். இரவு முழுவதும் துன்புறுத்தல் தொடர்ந்தது. ஊர்க்கவுண்டரைத் துடைப்பத்தால் அடிக்குமாறு பெண்கள் கட்டாயப்படுத்தப்பட்டனர். இச்செயல் தற்செயலானதன்று. ஊர்க்கவுண்டர் என்பவர் மலையாளிச் சமூகத்தில் வழக்குத் தீர்ப்பவர், திருமணத்தையும் திருவிழாவையும் முன்னின்று நடத்துபவர். அவரை அந்த ஊரின் பெண்கள் கையாலேயே இழிவுபடுத்தியதன்மூலம் ஊரின் நீதியமைப்பும் அன்றிரவு உடைக்கப்பட்டது.

அடுத்த இரு நாள்களில் ஊர் சூறையாடப்பட்டது. வீடுகள் இடிக்கப்பட்டன, தானியம் பாழாக்கப்பட்டது, ஆடுகளும் கோழிகளும் கொன்று தின்னப்பட்டன, கிணறுகள் குடிக்கத் தகாதனவாக்கப்பட்டன. ஊருக்குத் திரும்பிவர எவருக்கும் வழியில்லாதவாறு அழிவு முறையாகச் செய்யப்பட்டிருந்தது. அகப்பட்டோர் 133 பேரும் சேலம் சிறைக்கு அனுப்பப்பட்டனர். பெண்கள் 90, ஆடவர் 15, குழந்தைகள் 28.

பதிவின் வரிசை

இங்கே ஆவணங்களின் கால வரிசையைக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். வாச்சாத்தியைப் பற்றி அரசு எழுதிய முதல் எண் 133. அது கைது எண். அப்பதிவின்படி அவர்கள் சந்தனக் கடத்தலோடும், அரசுப் பணியாளரைத் தாக்கியதோடும் தொடர்புடைய எதிரிகள். பாலியல் வன்முறைக்குள்ளான பெண்களும் அந்த எண்ணுக்குள் அடக்கம். காவலில் வைக்க ஆணையிடப்பட்டபோது அவர்களின் வாய்மொழி எதுவும் பதிவாகவில்லை. வெளியே சொன்னால் என்ன நேரும் என்று மிரட்டியவர்கள் பக்கத்திலேயே நின்றிருந்த நிலையில் அது பதிவாகியிருக்கவும் முடியாது.

18 என்னும் எண் பிறகு வந்தது. சித்தேரிப் பகுதியில் பழங்குடி மக்களைத் திரட்டிவந்த தமிழ்நாடு மலைவாழ் மக்கள் சங்கத்தினரும் மார்க்சிஸ்ட் கம்யூனிஸ்ட் கட்சியினரும் ஜூலைத் திங்களில் செய்தியறிந்து ஊருக்குச் சென்றனர். ஆளரவமற்ற ஊரையே அவர்கள் கண்டனர். மலையில் மறைந்திருந்தோரிடமும் சிறையில் இருந்தோரிடமும் சிறிது சிறிதாகக் கேட்டறிந்தனர். பெ. சண்முகம், அரூரின் முன்னாள் சட்டமன்ற உறுப்பினர் மு. அண்ணாமலை முதலியோர் இம்முயற்சியில் முன்னின்றனர். கட்சியின் மாநிலச் செயலாளராக இருந்த அ. நல்லசிவன் நீதிமன்றத்தை அணுகினார். தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினருக்கான தேசிய ஆணையத்தின் தென்மண்டல இயக்குநராக இருந்த பாமதி ஊருக்கு நேரில் வந்து விசாரித்து அளித்த அறிக்கை, பெண்களின் கூற்றை அரசமைப்பு சார்ந்த நிறுவனமொன்று ஏற்றுக்கொண்ட முதல் ஆவணமாயிற்று.

ஆக, ஜூன் மாதத்தில் எதிரிகளாகப் பதிவான பெண்கள் பாதிக்கப்பட்டோராகப் பதிவாவதற்கு வாரங்கள் கடந்தன. அதற்குள் மருத்துவச் சான்றுக்கான வாய்ப்பு மறைந்துவிட்டது. காலத்தாழ்வு என்பதே பின்னாளில் எதிர்த்தரப்பின் முதன்மை வாதமாயிற்று என்பது இவ்வரலாற்றின் கசப்பான முரண். புகார் தர இயலாதவாறு சிறைவைத்தோரே, ஏன் உடனே புகார் தரவில்லை என்று கேட்டனர்.

18 என்பது எதன் அளவு? இது வெளிப்படையாகச் சாட்சியம் சொல்ல முன்வந்து, ஆளை அடையாளங்காட்டி, குறுக்கு விசாரணையைத் தாங்கிய பெண்களின் எண். அந்த மூன்று நாள்களிலும் சரக அலுவலகத்திலும் அவமதிப்புக்கும் அடிக்கும் உள்ளான 90 பெண்களின் துன்பத்தை அது அளக்கவில்லை. இப்பெண்கள் தம் ஊரிலேயே, தம் உறவினர் நடுவிலேயே தொடர்ந்து வாழவேண்டியவர்கள். அவர்களுள் மணமாகாதோரும் இருந்தனர். சொல்வதன் விலை அவர்களுக்குத் தெரிந்தேயிருந்தது. அவ்வாறிருந்தும் 18 பேர் சொன்னார்கள் என்பதே ஆய்வாளர் வியக்கவேண்டிய செய்தி. இந்த எண்ணை வன்முறையின் உச்ச அளவாகக் கொள்ளாமல், சாட்சியத்தின் அளவாகக் கொள்வதே முறை என்று இக்கட்டுரை கருதுகிறது. ஆள்கடத்தல் ஆய்வுகளில் மீட்கப்பட்டோர் எண்ணிக்கையையே கடத்தப்பட்டோர் எண்ணிக்கையாக எடுத்தாளும் போக்கு உண்டு. அங்கும் இதே எச்சரிக்கை வேண்டும்.

சட்டத்தின் முன்வரலாறு

வாச்சாத்தி வழக்குக்குக் கருவியாக அமைந்த சட்டப்பிரிவுகள் வேறொரு பழங்குடிப் பெண்ணின் துன்பத்திலிருந்து பிறந்தவை. 1972-இல் மகாராஷ்டிர மாநிலம் தேசாய்கஞ்சுக் காவல் நிலையத்தில் பழங்குடிச் சிறுமி ஒருத்தி காவலர்களால் வன்புணர்வுக்குள்ளானாள். மதுரா வழக்கு எனப்படும் அவ்வழக்கில் 1978-இல் உச்சநீதிமன்றம் காவலர்களை விடுவித்தது. அவள் உடம்பில் காயமில்லை, எனவே எதிர்ப்புக் காட்டவில்லை என்பது அத்தீர்ப்பின் போக்கு. நாடெங்கும் பெண்கள் அமைப்புகளும் சட்டப் பேராசிரியர்களும் எழுப்பிய எதிர்ப்பின் விளைவாக 1983-இல் இந்தியத் தண்டனைச் சட்டம் திருத்தப்பட்டது. அரசுப் பணியாளர் தம் காவலில் உள்ள பெண்ணை வன்புணர்தல் தனிக்குற்றமாகி, அதற்குக் குறைந்தது பத்தாண்டுத் தண்டனை விதிக்கப்பட்டது. அத்தகு வழக்குகளில் உறவு நிகழ்ந்தது மெய்ப்பிக்கப்பட்டு, தான் இசையவில்லை என்று பெண் கூறினால், அவள் இசைவு தரவில்லை என்றே நீதிமன்றம் கொள்ளவேண்டும் எனச் சாட்சியச் சட்டத்தில் 114அ பிரிவு சேர்க்கப்பட்டது. பாதிக்கப்பட்டவரின் பெயரை வெளியிடுதலும் அதே திருத்தத்தால் குற்றமாயிற்று. (வாச்சாத்திப் பெண்கள் சிலரின் பெயர்கள் அச்சில் வந்துள்ளபோதிலும், அவற்றை இக்கட்டுரையில் தவிர்த்தமைக்கு இதுவே காரணம்.) 1989-ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இவற்றோடு சேர்ந்தது.

சட்டம் இருந்தது என்பதாலேயே வழக்கு நகர்ந்துவிடவில்லை. வாச்சாத்திக்கு மூன்று மாதம் கழித்து, அதே 1992 செப்டம்பரில், ராஜஸ்தானின் பட்டேரி என்னும் ஊரில் குழந்தைத் திருமணத்தைத் தடுக்க முயன்ற பன்வாரி தேவி கூட்டு வன்புணர்வுக்குள்ளானார். 1995-இல் விசாரணை நீதிமன்றம் வன்புணர்வுக் குற்றச்சாட்டிலிருந்து எதிரிகளை விடுவித்தது. உயர்சாதி ஆடவர் தாழ்ந்த சாதிப் பெண்ணைத் தீண்டியிருக்கமாட்டார் என்னும் எண்ணம் அத்தீர்ப்பில் இடம்பெற்றது பலராலும் கண்டிக்கப்பட்டது. வாச்சாத்தி மனு சென்னை உயர்நீதிமன்றத்தின் முன் வந்தபோது முதலில் தள்ளுபடியானது. பொறுப்புள்ள பதவியிலுள்ள அரசு அலுவலர்கள் இவ்வளவு பேர் சேர்ந்து இத்தகைய செயலைச் செய்திருப்பர் என்பதை நம்ப இயலவில்லை என்பது அதற்கான காரணங்களுள் ஒன்று. சாதியும் பதவியும் நம்பகத்தன்மையைப் பகிர்ந்தளிக்கும் முறை இரு மாநிலங்களிலும் ஒன்றாகவே இருந்தது.

தளராத முயற்சிக்குப் பின் 1995-இல் உயர்நீதிமன்றம் வழக்கை மத்தியப் புலனாய்வுத் துறையிடம் ஒப்படைத்தது. அடையாள அணிவகுப்பில் சீருடையணிந்த கூட்டத்தின் நடுவே தம்மைத் துன்புறுத்தியோரைப் பெண்கள் சுட்டிக்காட்டினர். 1996-இல் 269 பேர்மீதும் குற்றப்பத்திரிகை தாக்கலாயிற்று.

பத்தொன்பது ஆண்டுகளும் ஐம்பத்து நான்கு இறப்புகளும்

விசாரணை ஒன்றுக்கு மேற்பட்ட நீதிமன்றங்களைக் கடந்து இறுதியில் தருமபுரி முதன்மை அமர்வு நீதிமன்றத்தில் முடிந்தது. 2011 செப்டம்பர் 29 அன்று நீதிபதி சீ. குமரகுரு அளித்த தீர்ப்பில் குற்றம் சாட்டப்பட்ட 269 பேரும் குற்றவாளிகளே எனக் காணப்பட்டனர். அவர்களுள் 54 பேர் அதற்குள் இறந்துவிட்டனர். எஞ்சிய 215 பேருள் வனத்துறையினர் 126, காவல்துறையினர் 84, வருவாய்த்துறையினர் 5. இந்திய வனப்பணி அலுவலர் நால்வரும் அவர்களுள் அடங்குவர். வன்புணர்வுக் குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்டோர் 17 பேர். அவர்களுள் 12 பேருக்குப் பத்தாண்டும், 5 பேருக்கு ஏழாண்டும் சிறை.

குற்றப்பத்திரிகை எண்ணையும் தீர்ப்பு எண்ணையும் துறைவாரியாக ஒப்பிட்டால் தீர்ப்புக்கு முன் இறந்தோர் வனத்துறையில் 29, காவல்துறையில் 24, வருவாய்த்துறையில் 1 எனத் தெரிகிறது. ஐந்தில் ஒரு பங்கினர் தண்டனை கேளாமலேயே மறைந்தனர். அவர்களுட் பலர் பணி ஓய்வு பெற்று, ஓய்வூதியம் பெற்று வாழ்ந்தவர்கள். இதே 19 ஆண்டுகளில் பெண்கள் தரப்பில் கழிந்தவை என்னென்ன? அரூர், கிருஷ்ணகிரி, தருமபுரி என நீதிமன்றப் பயணங்கள், அதனால் இழந்த கூலி நாள்கள், திரும்பத் திரும்ப அதே நிகழ்வை அந்நியர் முன் விவரித்தல். சட்டம் காலத்தாழ்வு என்று ஒற்றைச் சொல்லில் கூறுவது இவ்வாழ்க்கையைத்தான்.

இவ்வளவு பெரிய எண்ணிக்கையில் அரசுப் பணியாளர் ஒரே வழக்கில் தண்டிக்கப்பட்டது இந்திய வரலாற்றில் மிக அரிது. வீரப்பன் தேடுதலின்போது தமிழக, கருநாடக எல்லைப்புற மலைமக்கள் அடைந்த துன்பம் குறித்து நீதியரசர் சதாசிவா தலைமையிலான குழு தேசிய மனித உரிமை ஆணையத்துக்காக விசாரித்தது. அதன் அடிப்படையில் 2007-இல் 89 பேருக்கு இழப்பீடு வழங்குமாறு ஆணையம் பரிந்துரைத்தது. அங்கே பணம் கிடைத்தது, குற்றவியல் தண்டனை கிடைக்கவில்லை. வாச்சாத்தியில் தண்டனை கிடைத்தமைக்குக் காரணம் தேடினால், சாட்சிகள் ஓர் ஊராக ஒன்றுபட்டு நின்றதும், அவர்களோடு ஓர் அமைப்பு இருபதாண்டு உடன் நடந்ததும் முதலில் தென்படுகின்றன. ஆள்கடத்தலுக்கு உள்ளாகும் பெண் இவ்விரண்டையும் இழந்தவள். அவள் தன் ஊரிலிருந்து தனியே பிரித்தெடுக்கப்படுகிறாள். அவளுக்குப் பக்கத்து வீட்டுச் சாட்சி கிடையாது. ஆள்கடத்தல் வழக்குகளில் குற்றம் மெய்ப்பிக்கப்படுவது அரிதாக இருப்பதை விளக்க இவ்வொப்பீடு ஓரளவு உதவும்.

விளைவுகளும் 2023-ஆம் ஆண்டுத் தீர்ப்பும்

பொருள் இழப்பை மதிப்பிடுதல் எளிது. இடிந்த வீட்டுக்கும் இறந்த ஆட்டுக்கும் விலை உண்டு. ஆவண இழப்பு அதைவிட நுட்பமானது. வீட்டோடு அழிந்த தாள்களை மீண்டும் பெற, அழித்தவர்களின் துறை அலுவலகத்துக்கே செல்லவேண்டிய நிலை உண்டாயிற்று. வாச்சாத்தியார் என்றாலே கடத்தல்காரர் என்னும் பெயர் வெளியூரில் ஒட்டிக்கொண்டதும், அந்த ஊர்ப் பெண் என்றால் திருமணப் பேச்சில் தயக்கம் எழுந்ததும் எந்தத் தீர்ப்பின் இழப்பீட்டுக் கணக்கிலும் அடங்காதவை. துன்புறுத்தப்பட்ட நாளில் பள்ளி வயதில் இருந்தவர், மேல்முறையீட்டுத் தீர்ப்பு வந்தபோது நாற்பது வயதைக் கடந்திருந்தார்.

தண்டிக்கப்பட்டோரின் மேல்முறையீடுகளை விசாரித்த சென்னை உயர்நீதிமன்ற நீதியரசர் பெ. வேல்முருகன் 2023 மார்ச்சில் வாச்சாத்திக்கு நேரில் சென்று ஊரையும் ஏரிப்பகுதியையும் பார்வையிட்டார். மேல்முறையீட்டு நீதிபதி ஒருவர் நிகழ்விடத்தைத் தாமே சென்று காண்பது வழக்கமன்று. ஆவணத்தில் வெறும் சொல்லாக இருந்த ஆலமரத்தடிக்கும் ஏரிக்கும் இடையிலான தொலைவு அன்று நீதிமன்றத்தின் அறிவுக்கு உட்பட்டது எனலாம். விசாரணை நீதிமன்றத் தீர்ப்பு வந்து சரியாகப் பன்னிரண்டு ஆண்டு கழித்து, 2023 செப்டம்பர் 29 அன்று, அவர் மேல்முறையீடுகளைத் தள்ளுபடி செய்தார். பாதிக்கப்பட்ட 18 பெண்களுக்கும், இறந்துவிட்டோராயின் அவர்தம் குடும்பத்தாருக்கும், தலா 10 லட்சம் ரூபாய் வழங்குமாறு அரசுக்கு ஆணையிட்டார். அதில் 5 லட்சம் ரூபாயை வன்புணர்வுக் குற்றவாளிகளிடமிருந்து பெறவேண்டும் என்றும் கூறினார். அவர்களின் வாழ்வாதாரத்துக்கு வேலையோ தொழிலோ ஏற்படுத்தித் தருமாறும் தீர்ப்பு பணித்தது.

18 என்னும் எண் இங்கே மூன்றாம் முறையாகப் பயன்படுகிறது. 1992-இல் அது துணிவின் எண்ணாக இருந்தது, 1996-இல் குற்றப்பத்திரிகையின் எண்ணாயிற்று, 2023-இல் இழப்பீட்டுக்குரியோர் எண்ணாயிற்று. சொல்ல இயலாது போனவர் எவரேனும் இருந்திருப்பின் அவர் இக்கணக்கில் வரமாட்டார். சிறைசென்ற 28 குழந்தைகளும் வரவில்லை. தாய்மார் அடிபடுவதைக் கண்ட அக்குழந்தைகள் இன்று முப்பதைக் கடந்தவர்கள். வாச்சாத்தியைப் பற்றிய வாய்மொழி வரலாறு தொகுக்கப்படுமானால் முதலில் கேட்கப்படவேண்டியது அவர்களின் நினைவுகளே. நீதிமன்றம் அவர்களைச் சாட்சிகளாகக் கருத வாய்ப்பில்லை. வரலாற்றாய்வாளருக்கு அந்தத் தடை இல்லை.

தீர்ப்பின் இன்னொரு பகுதி போதிய கவனம் பெறவில்லை. நிகழ்வின்போது பதவியிலிருந்த மாவட்ட ஆட்சியர், காவல் கண்காணிப்பாளர், மாவட்ட வன அலுவலர் ஆகியோர்மீது நடவடிக்கை எடுக்குமாறு நீதியரசர் அரசைப் பணித்தார். 155, 108, 6 என்று துறைவாரியாகப் பிரித்து எண்ணப்பட்ட அந்த 269 பேருள் மாவட்டத்தின் ஆட்சியரும் காவல் கண்காணிப்பாளரும் ஒருபோதும் இடம்பெற்றதில்லை.